லயத்துப் பெட்டியிற் கிடக்கும் ஏடுகள்

1869 ஆம் ஆண்டிலே மலைநாட்டுக் கோப்பியைப் பொறுத்தவரை இரண்டு காரியங்கள் நிகழ்ந்தன. ஆபிரகாம் ஜோசப் என்பார் இயற்றிய ‘கோப்பிக் கிருஷிக் கும்மி’ என்னும் நூல் அவ்வாண்டில் அச்சேறிற்று. அதே ஆண்டிலேதான், நம் ஊவாவைச் சேர்ந்த மடுல்சீமையிலே, கோப்பியிலையின் அடிப்புறத்திற் செம்மஞ்சட் பொடி தூவியது போன்ற புள்ளிகள் முதன்முதலாகக் கண்டறியப்பட்டன. பேராதனைத் தாவரத் தோட்டத்தின் தலைவராயிருந்த துவேற்ஸ் என்பார் அவ்விலைகளை இங்கிலாந்துக்கு அனுப்ப, அங்கே பெர்க்லி என்னும் பாதிரியார் ஆராய்ந்து அந்நோய்க்குரிய காளானுக்குப் பெயரிட்டார். அடுத்த இருபது ஆண்டுகளுக்குள் இலங்கையின் கோப்பி மாண்டது. தேயிலை அதன் இடத்தைப் பிடித்தது. கோப்பிப் பயிர்ச்செய்கையைக் கும்மி கொட்டிப் பாடிய நூலும், கோப்பியை மாய்க்க வந்த நோயும் ஒரே ஆண்டில் வெளிப்பட்டமை காலத்தின் விளையாட்டு என்றே சொல்லவேண்டும்.

பசறையைத் தாண்டி மடுல்சீமைக்கு ஏறும் பாதையை எத்தனையோ முறை கடந்து சென்றவன் யான். பதுளையிலிருந்து லுணுகலை, பிபிலை வழியாக மொனராகலைக்கு வரும் பேருந்தில் அமர்ந்து அம்மலையைப் பார்த்தபடியே பரீட்சை விடைத்தாள் திருத்தியதும் உண்டு. எனினும் மேலே கூறிய செய்தியை அறியாமலே ஐம்பது வயதை எட்டிவிட்டேன். கோப்பிக் கும்மியின் பெயரைக்கூட மாணவப் பருவத்தில் எவரும் எனக்குச் சொன்னதில்லை. மு. நித்தியானந்தன் அவர்கள் எழுதி, 2014 இற் சென்னை க்ரியா பதிப்பகம் வெளியிட்ட ‘கூலித் தமிழ்’ என்னும் ஆய்வு நூலைப் படித்த பின்னரே அந்நூலின் இயல்பை ஓரளவு அறிந்துகொண்டேன். அவர் நம் பதுளை மண்ணைச் சேர்ந்தவர். பதுளைக்கு அருகில் நிகழ்ந்ததைப் பதுளைக்காரர் ஒருவர் எழுத, அது சென்னையில் அச்சாகி மொனராகலைக்கு வந்து சேர்ந்தது. நம் நூல்களின் யாத்திரை எப்போதும் இப்படிச் சுற்றுவழியாகவே நடைபெறுகின்றது.

கீழைத்தேயக் கல்லூரியிற் பண்டிதர் வகுப்பிலே பயின்ற காலத்தில் ஏடு தேடிய பெரியோரின் வரலாறு எங்களுக்கு நாள்தோறும் உணவாயிருந்தது. யாழ்ப்பாணத்துச் சி. வை. தாமோதரம்பிள்ளை அவர்கள் 1868 இற் சொல்லதிகாரச் சேனாவரையத்தையும், 1885 இற் பொருளதிகாரத்தையும், 1887 இற் கலித்தொகையையும் பதிப்பித்தமை, உ. வே. சாமிநாதையர் அவர்கள் 1887 இற் சீவகசிந்தாமணியையும், 1892 இற் சிலப்பதிகாரத்தையும், 1894 இற் புறநானூற்றையும் வெளிக்கொணர்ந்தமை. ஆடிப்பெருக்கிலே ஆற்றில் விடப்பட்ட சுவடிகள். தொட்டால் ஓரம் உதிரும் ஓலைகள். ஏட்டைத் துளைக்கும் பூச்சிக்கு இராமபாணம் என்று பெயரிட்ட தமிழரின் நகைச்சுவை. இவற்றையெல்லாம் கண்ணீர் மல்கக் கேட்டோம். விடுமுறையில் ஊருக்கு வருவோம். லயத்துக் காம்பிராவிலே, கட்டிலின் கீழே, தகரப் பெட்டி ஒன்று கிடக்கும். அதனுள்ளும் ஏடு இருக்கும் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. ஏடு என்றால் அது பனையோலையாக இருக்கவேண்டும். மடத்திலோ, கவிராயர் வீட்டிலோ இருக்கவேண்டும். குறைந்தது முந்நூறு ஆண்டாவது பழைமை உடையதாக இருக்கவேண்டும். எங்கள் கல்வி எங்களுக்குக் கொடுத்த கண் அத்துணையே.

இன்று பழைய நூல்கள் திரும்பி வருகின்றன. மறுபதிப்பாகவும் வருகின்றன, பக்கம் பக்கமாகப் படமெடுக்கப்பெற்று எண்ணிம நூலகங்களின் வாயிலாகவும் வருகின்றன. மலைநாட்டைப் பற்றி எவை வருகின்றன என்பதை மட்டும் ஈண்டு நோக்குவோம்.

முதலில் நிற்பவை துரைமாருக்காகத் துரைமார் எழுதியவை. தோட்டத்துக்குப் புதிதாக வந்த வெள்ளைக்காரச் சின்னத்துரை தமிழ் கற்கவேண்டும் என்பதற்காகக் கைந்நூல்கள் பல ஆங்கிலத்தில் ஆக்கப்பட்டன. பேர்குசன் என்பார் தொகுத்த ஒன்றின் பெயரே ‘இங்கே வா’ என்பது. 1915 இல் வெல்ஸ் என்பார் கொழும்பில் வெளியிட்ட மற்றொன்றின் பெயர் ‘கூலித் தமிழ்’. நித்தியானந்தன் தம் ஆய்வு நூலுக்கு இப்பெயரையே எடுத்துச் சூட்டினார். இலக்கணம் கற்பிக்கும் ஆசிரியன் இத்தலைப்புக்களை விட்டு எளிதில் நகர முடியாது. ‘வா’ என்பது முன்னிலை ஏவலொருமை. வாரும், வாருங்கள், வருக என்று தமிழிலே மரியாதைக்கு எத்தனை படிகள் உள்ளன! அத்தனை படிகளையும் விட்டு அடிப்படியிலே நின்றுகொண்டு ஒரு மொழியைக் கற்பிக்கத் தொடங்கியிருக்கிறார்கள். பத்தாம் வகுப்பிலே ஏவல் வினையைப் பாடமாக நடத்தியபொழுது இவ்வுதாரணத்தைக் கரும்பலகையில் எழுதினேன். “அதற்கு எங்கள் ஆட்கள் என்ன பதில் சொன்னார்கள் என்று அந்தப் புத்தகத்தில் இருக்கிறதா, ஐயா?” என்று மாணவி ஒருத்தி கேட்டாள். ஏவலுக்கு மறுமொழி என்று ஓர் இலக்கணப் பகுதியை எந்த நூலும் வகுக்கவில்லை என்று சொல்லி அப்பொழுதைக்குத் தப்பிக்கொண்டேன்.

இந்நூல்களை வெறுத்து ஒதுக்கிவிடவேண்டும் என்று யான் கூறவில்லை. தோட்டத்துத் தமிழ் என்பது தனி ஒரு வழக்கு. ஒரு நாள் வேலையைப் ‘பேர்’ என்பதும், அதிற் பாதியை ‘அரைப்பேர்’ என்பதும், காலையில் ஆட்களைக் கூட்டும் களத்தைப் ‘பெரட்டுக்களம்’ என்பதும் நம் பேரகராதிகள் எளிதிற் கண்டுகொள்ளாத வழக்குகள். ‘பெரட்டு’ ஆங்கிலத்துப் ‘பரேட்’ என்பதன் திரிபு. ‘பேர்’ நம் தமிழ்ச் சொல்லே. பெயர் பதியப்பட்டாற்றான் கூலி. ஆகவே கூலிநாளே பெயராயிற்று. இத்தகைய வழக்குகள் நூறாண்டின் முன் எவ்வாறு ஒலித்தன என்பதை அறிய அக்கைந்நூல்களும் சான்றாகும். ஆயினும் சான்று தருபவன் எந்தப் பக்கத்தில் நின்று பேசுகிறான் என்பதையும் மாணாக்கனுக்குச் சொல்லிக் கொடுத்தல் வேண்டும். கோப்பிக் கிருஷிக் கும்மியும் தமிழிலே பாடப்பெற்றதாயினும் தோட்ட நிருவாகத்தின் பக்கம் நின்று பாடுவதே. மலையகத்தின் தொடக்ககால நூல்களுள் அதனை வைத்தெண்ணும் ஆய்வாளர் இதனையும் மறைக்கவில்லை.

துரைமாரின் நூல் எஞ்சியதற்கும் தொழிலாளரின் நூல் எஞ்சாததற்கும் காரணம் தற்செயலன்று. துரைமாரின் நூல் கடல் கடந்து சென்று, மேலைநாட்டு நூலகங்களின் அலுமாரிகளில் ஈரமும் கறையானும் அணுகாமல் இருந்தது. இலங்கையில் அச்சாகும் நூல்களைப் பதிவுசெய்து படிகளைப் பேணுவதற்கென 1885 ஆம் ஆண்டின் 1 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. அதன் பயனாகத் தமிழ்ச் சிறுநூல்கள் பலவும் அரசாங்க ஏட்டிற் பெயர் பெற்றன. பதிவேட்டிற் பெயர் இருந்தால் நூலும் கைக்குக் கிட்டும் என்று எண்ணிவிடலாகாது. திருவிழாக் கடையிலும் சங்கக் கூட்டத்திலும் சில சதத்துக்கு விற்கப்பட்ட பாட்டுப் புத்தகத்தைப் பதிவாளரிடம் கொண்டு சென்றவர் எத்தனை பேர்?

கோ. நடேசய்யர் அவர்களின் நூல்களை இதற்கு எடுத்துக்காட்டாகக் கூறலாம். தஞ்சைச் சீமையிலிருந்து வந்து, 1920களிற் கொழும்பிலே ‘தேசபக்தன்’ இதழை நடத்தி, சட்டசபையிலும் இடம்பெற்றுத் தோட்டத் தொழிலாளரை முதன்முதலில் ஒன்று திரட்டிய அப்பெரியார், 1931 இல் ‘நீ மயங்குவதேன்?’ என்னும் நூலையும், 1937 இல் ‘தொழிலாளர் அந்தரப் பிழைப்பு’ என்னும் நாடகத்தையும் வெளியிட்டார். அவர்தம் துணைவியார் மீனாட்சியம்மையார் மேடையிலே பாடி மக்களை ஈர்த்தவர். 1940 இல் ‘இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை’ என்னும் பாட்டுப் புத்தகத்தை வெளியிட்டவரும் அவரே. மக்கள் அறிந்த மெட்டுக்களிலே சட்டத்தையும் உரிமையையும் பாடியமையால், எழுத்தறியாதாரும் ஒருமுறை கேட்டு மறுமுறை பாடினர். எளிய தாளில் அச்சிட்ட இந்நூல்கள் ஒரு தலைமுறைக்குள்ளேயே அருகிப்போயின. அவற்றைத் தேடித் திரிந்து, படித்து, எழுதி, 1988 இல் ‘தேசபக்தன் கோ. நடேசய்யர்’ என்னும் நூலை நமக்குத் தந்தவர் சாரல் நாடன். பல்கலைக்கழகப் பேராசிரியரல்லர், தேயிலைத் தொழிற்சாலையிற் கடமையாற்றியவர். பகலெல்லாம் கொழுந்தின் வாட்டத்தைப் பார்த்த கண்கள் இரவிலே பழைய தாளைப் பார்த்தன. சாமிநாதையரின் ஏடு தேடும் யாத்திரையை வகுப்பிலே நடத்தும் ஆசிரியர்கள் இவருடைய தேடலையும் ஒரு பாடவேளையாவது சொல்லலாம்.

இவ்விடத்தில் உரிமை பற்றியும் ஒரு வார்த்தை சொல்லவேண்டும். 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தின்படி, இலங்கையில் ஓர் ஆசிரியரின் நூலுரிமை அவர் மறைவுக்குப் பின் எழுபது ஆண்டுகள் நிலைக்கும். நடேசய்யர் மறைந்தது 1947 இல். ஆகவே 2017 உடன் அவர் நூல்கள் பொதுவுடைமையாயின. எவரும் மறுபதிப்புச் செய்யலாம். சி. வி. வேலுப்பிள்ளை அவர்கள் மறைந்தது 1984 இல். அவருடைய நூல்களுக்கு 2054 வரையில் உரியோரின் இசைவு வேண்டும். நடேசய்யரின் நூல்களைச் செவ்வையாகப் பதிப்பிக்கச் சட்டம் தடையன்று, பணமும் பெருந்தடையன்று. நல்ல மூலப்படியும், பொறுமையுள்ள ஒருவருமே தேவை.

எண்ணிம நூலகங்களின் தோற்றம் இக்காலத்து ஒரு பெரும்பேறு. 1998 பொங்கலன்று மதுரைத் திட்டம் தொடங்கிப் பழந்தமிழ் நூல்களைத் தட்டெழுதி இணையத்தில் இட்டது. செட்டிநாட்டுக் கோட்டையூரிலே ரோஜா முத்தையா செட்டியார் ஒரு வாழ்நாள் முழுதும் சேர்த்த நூல்களும் துண்டுப் பிரசுரங்களும், 1992 இல் அவர் மறைந்தபின், சிக்காகோப் பல்கலைக்கழகத்தின் முயற்சியாற் சென்னையிலே ஆராய்ச்சி நூலகமாயின. கலியாண அழைப்பிதழையும் நாடக நோட்டீசையும்கூடச் சேர்த்தவர் அவர். அயலார் அதைக் குப்பை என்று எண்ணியிருக்கலாம்; இன்று ஆராய்ச்சியாளர் அந்தக் குப்பைக்காகவே கப்பலும் விமானமும் ஏறி வருகின்றனர். நம் நாட்டிலோ 1981 இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் தொண்ணூற்றேழாயிரம் நூல்களோடு எரியுண்டது. அந்த வடுவை மறவாத இளைஞர்கள் சிலர் 2005 ஆம் ஆண்டு பொங்கலை ஒட்டித் தொடங்கியதே ‘நூலகம்’ என்னும் எண்ணிம நூலகம். இன்று ஓர் இலட்சத்துக்கு மேற்பட்ட ஆவணங்களை எவரும் கட்டணமின்றிப் படிக்கத் திறந்து வைத்திருக்கின்றது.

அதன் பயனை மொனராகலையிலே கண்கூடாகக் கண்டேன். தெளிவத்தை ஜோசப் அவர்கள் பதுளைப் பகுதியின் ஊவா கட்டவளைத் தோட்டத்திற் பிறந்தவர். 2022 இல் மறைந்தார். அவருடைய ‘நாமிருக்கும் நாடே’ 1979 இலும், என். எஸ். எம். இராமையாவின் ‘ஒரு கூடைக் கொழுந்து’ 1980 இலும் வைகறை வெளியீடாக வந்தன. அவ்வைகறையை நடத்தியவரும் முற்கூறிய நித்தியானந்தனே. கடையில் அம்முதற்பதிப்புக்களைக் கேட்டால் வியப்போடு நோக்குவர். எண்ணிம நூலகத்திலோ இரண்டும் இருக்கின்றன. உயர்தர வகுப்பு மாணவர் சிலர் தொலைபேசியிலே இறக்கி, சமிக்ஞை கிடைக்காத தோட்டங்களில் வசிக்கும் தோழர்க்குப் படியெடுத்துக் கொடுத்தனர். ‘ஒரு கூடைக் கொழுந்’தைப் படித்த மாணவன் ஒருவன், “ஐயா, இதில் வரும் மலையும் எங்கள் ஆயா ஏறும் மலையும் ஒன்றுபோல் இருக்கிறது” என்றான். இலக்கியத் திறனாய்வு என்று யான் எழுதுவித்த எந்தக் கட்டுரையிலும் அத்துணை நேரான வாக்கியம் வந்ததில்லை.

இடர்கள் இல்லாமல் இல்லை. பழைய அச்சைப் படித்தல் இக்கால மாணாக்கர்க்குச் சுவடி படித்தலை ஒத்ததாயிற்று. 1978 இல் தமிழ்நாட்டரசு எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்றபின், துதிக்கை வைத்த லை, ளை, னை, ணை என்பனவும், சுழித்து எழுதும் ணா, றா, னா என்பனவும் மெல்ல மெல்ல அச்சிலிருந்து மறைந்தன. பாட்டன் படித்த எழுத்தைப் பேரன் அறியான். பக்க எண்ணைத் தமிழெண்ணால் இட்ட ஒரு பழைய நூலின் படத்தைக் காட்டியபோது, மாணவனொருவன் பன்னிரண்டாம் பக்கத்தைக் ‘கஉ’ என்று எழுத்துக்கூட்டிப் படித்து, அதன் பொருள் யாதென்று என்னையே வினவினான். வகுப்பு சிரித்தது, எனக்குச் சிரிப்பு வரவில்லை. தமிழெண்களை ஒரு நாளேனும் கற்பித்தேனா? எழுத்துணரி என்னும் கணினிப் பொறியும் இம்மாணவனைப் போன்றதே. பழைய வடிவங்களைக் கண்டு தடுமாறி, ஒன்றை மற்றொன்றாக எழுதி வைக்கின்றது. ஆகவே படத்தோடு ஒப்புநோக்காமல் அப்பொறி தரும் பாடத்தை நம்பி மேற்கோள் காட்டுவது கூடாது.

மறுபதிப்புக்களிலே வேறொரு குறை. சில பதிப்பாளர் மூலநூலின் முகப்பை நீக்கிவிடுவர். அச்சகத்தின் பெயரையும் ஆண்டையும் விலையையும் விட்டுவிடுவர். பழைய சொற்களைத் தம் மனம்போலத் திருத்துவர். பின்னட்டை விளம்பரம் வீண் என்று கருதி எறிந்துவிடுவர். விலையைக் கண்டாலன்றோ அந்நூலை வாங்கியவர் யார் என்று ஊகிக்கலாம்? விளம்பரத்தைக் கண்டாலன்றோ அக்காலத்து மலைநாட்டில் வேறு எந்த நூல் விற்றது என்று அறியலாம்? சந்தியைப் பிரித்து அச்சிடுதல் மாணவர்க்கு உதவி. அதனை யான் மறுக்கவில்லை. பிரித்தவர் பிரித்ததாகச் சொல்லிவிடவேண்டும். சுருங்கச் சொன்னால், மறுபதிப்பு என்று விற்கப்படும் சில நூல்களைவிட, மங்கலாகப் பிடித்த ஒரு படம் எனக்கு மேலானது. மங்கலாயினும் அது பொய் சொல்லாது.

இனி அத் தகரப் பெட்டிக்கு வருவோம்.

லயத்துப் பெட்டியிலே முதலிற் கிடைப்பவை குடியுரிமைப் பத்திரங்கள். 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டத்தால் மலைநாட்டுத் தமிழர் நாடற்றவராயினர். 1949 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்கச் சட்டமோ, விண்ணப்பிப்பவர் 1946 தைக்கு முன் மணமாகியிருப்பின் ஏழாண்டும் அல்லாதவர் பத்தாண்டும் இந்நாட்டில் இடையறாது வாழ்ந்தமைக்குச் சான்று கேட்டது. எழுத்தறியாத மக்களிடம் எழுத்துச் சான்று கேட்டால் என் செய்வர்? கையில் அகப்பட்ட தாளையெல்லாம் காத்தனர். பற்றுச்சீட்டு, பிறப்புச் சான்று, பள்ளிக்கூடம் விட்ட பத்திரம், தோட்டத்துக் கணக்குத் துண்டு என யாவும் எண்ணெய்த் துணியிற் சுற்றிப் பெட்டியுட் சென்றன. 1964 இல் சிறிமா – சாத்திரி ஒப்பந்தம் வந்து, ஐந்து இலட்சத்து இருபத்தையாயிரம் பேரை இந்தியாவுக்கும் மூன்று இலட்சம் பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டபொழுது, அந்தப் பெட்டிகளும் பங்கிடப்பட்டன. நீலகிரிக்குச் சென்ற பெட்டிகளில் ஊவாத் தோட்டங்களின் தாள்கள் இருக்கும் என்பதில் எனக்கு ஐயமில்லை. 2003 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கச் சட்டத்துக்குப் பிறகு எஞ்சியோரும் இந்நாட்டுக் குடிமக்களாயினர். அத்தாள்களுக்கு இனிப் பயனில்லை என்று வீட்டார் எண்ணுகின்றனர். அரை நூற்றாண்டு காத்த தாளை அடுப்பிலிடத் துணிவு வந்தது இப்பொழுதுதான்.

1921 இல் ஒழிக்கப்பட்ட துண்டுமுறையை வரலாற்றுப் பாடத்திலே படிக்கின்றோம். கடனைச் செலுத்தினால் இவ்வாளை விடுவிப்பேன் என்று துரை எழுதிக் கொடுக்கும் சீட்டே துண்டு. அச்சீட்டிலே குடும்பமே கட்டுண்டு கிடந்தது. அத்தகைய துண்டு ஒன்றைக் கையால் தொட்டுப் பார்த்த மாணவன் நம் மாகாணத்தில் எத்தனை பேர்? வகுப்பிலே தொட்டுக் காட்ட என்னிடமும் ஒன்று இல்லை.

பெட்டியில் அடுத்துக் கிடைப்பவை கொப்பிகள். கோப்பிக்கும் கொப்பிக்கும் ஒரு மாத்திரையே வேறுபாடு. ஆயினும் கோப்பியைப் பாடிய நூலுக்குக் கிடைத்த பேணுதல் இக்கொப்பிகளுக்குக் கிடைக்கவில்லை. மாசித் திங்களிலே தோட்டந்தோறும் காமன் கூத்து ஆடுவர். அதன் பாட்டுக்களை வாத்தியார் என்று மதிக்கப்படும் முதியவர் தம் கையாலே கொப்பியில் எழுதி வைத்திருப்பார். பொன்னர் சங்கர், அருச்சுனன் தபசு ஆகியவற்றுக்கும் அவ்வாறே. ஒரு கொப்பியைப் பார்த்து மற்றொரு கொப்பி எழுதப்படும்; எழுதுபவர் தமக்குத் தெரிந்த அடியைச் சேர்ப்பார்; தெரியாத அடியை விடுவார். பாடபேதம் என்று நாங்கள் சங்க நூலிற் கற்றது இங்கே கண்முன் நடைபெறுகின்றது. சி. வி. வேலுப்பிள்ளை அவர்கள் மலைநாட்டு மக்கள் பாடல்களையும், சாரல் நாடன் அவர்கள் மலையக வாய்மொழி இலக்கியத்தையும் நூலாக்கித் தந்துள்ளனர். எனினும் கொப்பிகளையே, எழுத்துப்பிழையோடும் எண்ணெய்க் கறையோடும், படமெடுத்து வைக்கும் வேலை ஊவாவிலே செய்யவேண்டிய அளவிற்கு நடைபெறவில்லை.

இதனைச் சொல்லும் தகுதி எனக்கு உண்டா என்பதை வாசகர் தீர்மானிக்கட்டும். பல ஆண்டுகளின் முன், பிபிலைப் பக்கத்துத் தோட்டமொன்றிலே, காமன் கூத்து வாத்தியார் ஒருவர் தம் கொப்பியை என்னிடம் காட்டினார். ஊதா மையால் எழுதியது. நூல் கொண்டு தைத்தது. “பண்டிதரையா, இதை நீங்கள் ஒருமுறை பார்த்துப் பிழை திருத்திக் கொடுக்கவேண்டும்” என்றார். பிழை திருத்தவேண்டியதில்லை, படியெடுத்துக்கொள்கிறேன் என்றேன். சாதாரணதரப் பரீட்சை முடியட்டும் என்று தள்ளிவைத்தேன். பரீட்சை முடிந்தது, மழை வந்தது, மழைக்குப் பின் வேறொரு பரீட்சை வந்தது. ஈராண்டு கழித்து அத்தோட்டத்துக்குச் சென்றபோது வாத்தியார் இல்லை. மகன் கொழும்பில் வேலைக்குப் போய்விட்டார். மருமகள் பெட்டியைத் திறந்து காட்டினார். அதனுள்ளே கொப்பியின் அட்டை இருந்தது. உள்ளே கறையான் மண் இருந்தது. அந்த அம்மா என்னைக் கடிந்து ஒரு சொல்லும் சொல்லவில்லை, தேநீர் தந்தார். அதனை அருந்த எனக்கு நெடுநேரம் ஆயிற்று.

2014 ஐப்பசியிலே கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. மனிதர் மாண்ட இடத்திலே தாளைப் பற்றிப் பேசுதல் தகாது. ஆயினும், அங்கே சில நாட்களின் பின் சென்று நின்றபோது, அம்மண்ணின் கீழே எத்தனை பெட்டிகள் என்ற எண்ணம் எழுந்ததை மறைக்க முடியவில்லை. மறைந்தவரின் பெயரைச் சொல்லும் தாளும் அவரோடு புதைந்து போயிற்று.

படமெடுத்தல் பெரிய வித்தையன்று. எண்ணிம நூலகத்தார் சிறந்த மின்வருடிகளை வைத்துச் செய்கின்றனர். நாமோ ஒரு தொலைபேசியையும், வாசல் வெளிச்சத்தையும், தாளின்மேல் நிழல் விழாமல் நிற்கும் ஒரு மாணவனையும் வைத்துத் தொடங்கலாம். முதலில் முன்னட்டை, பின் ஒவ்வொரு பக்கமும், வெற்றுப் பக்கத்தையும் விடலாகாது. எவர் கொப்பி, எந்தத் தோட்டம், எந்த ஆண்டு, யாரிடம் கேட்டு எழுதியது என்பதைத் தனித்தாளிலே எழுதி, அதனையும் படமெடுக்கவேண்டும். உடையவரின் இசைவு பெறாமல் ஒரு பக்கமும் வெளியிடக் கூடாது. மூலத்தை அவர் கையிலேயே திருப்பிக் கொடுத்தல் வேண்டும். “ஐயா கொண்டு போனார், திருப்பித் தரவில்லை” என்னும் பேச்சு ஒரு தோட்டத்தில் எழுந்துவிட்டால், அடுத்த பத்துத் தோட்டத்துப் பெட்டிகளும் பூட்டிக்கொள்ளும். இவ்வாறு பூட்டிக்கொண்ட பெட்டிகளை யான் அறிவேன். பாடசாலை நூலகங்களையும் இதே கண்ணோடு பார்க்கவேண்டும். ஒரு பாடசாலையிலே, கையிருப்புக் கணக்கெடுக்கும் நாளில், ‘கழிக்கத்தக்கவை’ என்று பட்டியலிட்டுப் பழைய சஞ்சிகைகள் ஒரு சாக்கு நிறையத் தீயிடப்பட்டதைப் பார்த்திருக்கிறேன். சட்டப்படி எல்லாம் ஒழுங்காகவே நடந்தது. மூன்று பேர் கையொப்பமும் இருந்தது.

இவ்வாண்டு மாசியிலே, பசறைப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில், மாணவிகள் இருவரும் யானும் காமன் கூத்துக் கொப்பி ஒன்றைப் படமெடுத்தோம். உடையவர் எழுபதைக் கடந்த முதியவர். அவர் ஒவ்வொரு பக்கத்தையும் தாமே புரட்டினார், எம்மைத் தொடவிடவில்லை. சில இடங்களிற் புரட்டுவதை நிறுத்திப் பாடினார். பாடிய அடி தாளில் எழுதிய அடியோடு ஒத்துவரவில்லை. எது சரி என்று கேட்டேன். “ஆடும்போது இது, எழுதும்போது அது” என்றார். பாட்டு முடிந்தபின்னும் கொப்பியிற் பத்துப் பன்னிரண்டு பக்கம் இருந்தது. அவற்றிலே மகளின் கலியாணத்துக்கு வந்த மொய்க்கணக்கு எழுதப்பட்டிருந்தது. பெயர், தோட்டம், ரூபா. சிலரின் பெயருக்கு எதிரே ‘அரிசி’ என்று மட்டும்.

“பாட்டு முடிந்துவிட்டதே, இதையும் எடுக்கவா ஐயா?” என்று மாணவி கேட்டாள்.

எடு என்றேன். முதியவர் அப்பக்கத்தைப் புரட்டித் தம் உள்ளங்கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டார்.